பம்பாய்த் துறைமுகத்தின் பேரேடு

1944 ஏப்ரல் 14, வெள்ளிக்கிழமை, பிற்பகல் 4 மணி 6 நிமிஷத்துக்குப் பம்பாய் விக்டோரியா துறையில் நின்றிருந்த 'ஃபோர்ட் ஸ்டிகீன்' என்ற சரக்குக் கப்பல் வெடித்து இரண்டு துண்டாயிற்று. 4.34க்கு அதன் மிச்சமும் வெடித்தது. இந்த நேரக் குறிப்புகளைப் பற்றி யாருக்கும் தகராறு இல்லை. கொலாபா ஆய்வகத்துப் பூகம்பமானி இரண்டையும் பதிவு செய்திருக்கிறது. கப்பலில் இருந்த தங்கக் கட்டிகள் எத்தனை என்பதிலும் தகராறு இல்லை. 31 மரப்பெட்டிகள், பெட்டிக்கு நான்கு, ஆக 124. செத்தவர்கள் எத்தனை பேர் என்பதில்தான் எண்பது வருஷங்கள் ஆகியும் ஒரு முடிவு இல்லை.

என் விஷயம் இந்த வித்தியாசம்தான். வெடிப்பின் முழு வரலாறு வேண்டுபவர்கள் ஜான் என்னிஸ் 1959இல் எழுதிய புத்தகத்தைத் தேடிப் படிக்கலாம். எனினும் நடந்ததைச் சொல்லாமல் கணக்கைப் பேச முடியாது. அதற்கு வேண்டிய அளவு சொல்லிவிடுகிறேன்.

கப்பல் 1942இல் கனடாவின் மேற்குக் கரையில், பிரின்ஸ் ரூபர்ட் என்ற ஊரில் கட்டப்பட்டது. ஏழாயிரத்துச் சொச்சம் டன். யுத்தத்துக்காக அவசர அவசரமாகக் கட்டித் தள்ளிய ரகம், நிலக்கரியில் ஓடுவது. 1944 பிப்ரவரி 24ஆம் தேதி இங்கிலாந்தின் பர்க்கன்ஹெட்டிலிருந்து புறப்பட்டது. சரக்கில் 1,395 டன் வெடிபொருள்கள்: குண்டுகள், டார்பிடோக்கள், கண்ணிகள். அதில் ஏறக்குறைய 240 டன், தொட்டால் சீறும் முதல் வகையைச் சேர்ந்தது. இவை தவிர 12 ஸ்பிட்ஃபயர் போர் விமானங்கள், சுமார் ஒன்பது லட்சம் பவுன் மதிப்புள்ள தங்கம். கராச்சியில் இதனோடு பஞ்சுப் பொதிகளையும் மசகெண்ணெய்ப் பீப்பாய்களையும் ஏற்றினார்கள். பஞ்சாபிலிருந்தும் சிந்திலிருந்தும் ரயிலில் பஞ்சு அனுப்பத் தடை இருந்த காலம். வியாபாரிகளுக்குக் கடலை விட்டால் வழி இல்லை. பஞ்சு, எண்ணெய், வெடிமருந்து மூன்றையும் ஒரே கப்பலில் அடைப்பதற்குக் கேப்டன் நெய்ஸ்மித் ஆட்சேபம் தெரிவித்தார். ஆட்சேபம் எழுத்தில் பதிவாயிற்று. சரக்கும் ஏறிற்று. குமாஸ்தா வேலை பார்க்கிற எவனுக்கும் இந்த இரண்டு வாக்கியங்களும் புதிதாக இராது. ஆட்சேபத்தைப் பதிவு செய்துகொள்வது அதைக் கேட்காமல் இருப்பதற்கு உள்ள மிக நாகரிகமான வழி.

ஏப்ரல் 12ஆம் தேதி கப்பல் பம்பாய் வந்தது. வெடிபொருள் சுமந்து வரும் கப்பல் துறைக்கு வெளியே நின்று, தோணிகளில் சரக்கை இறக்கிவிட்டுத்தான் உள்ளே வரவேண்டும் என்பது சமாதான காலத்து விதி. யுத்தத்தில் அது தளர்த்தப்பட்டிருந்தது. அபாயச் சரக்கு இருக்கிறது என்று காட்டும் சிவப்புக் கொடியும் ஏற்றப்படவில்லை. இரண்டு நாள் கழிந்தும் வெடிபொருளை இறக்கி முடிக்கவில்லை. 14ஆம் தேதி பகல் 12.30 சுமாருக்கே காற்றுப்போக்கியிலிருந்து புகை வருவதைப் பார்த்தவர்கள் உண்டு என்று பின்னால் தெரியவந்தது. பக்கத்துக் கப்பலிலிருந்து பார்த்தவன் அது அவர்கள் பாடு என்று இருந்திருப்பான். பிற்பகல் 2 மணி சுமாருக்குத்தான் இரண்டாம் எண் சரக்கறையில் தீ என்று கப்பலில் குரல் எழுந்தது.

அதன் பிறகு இரண்டு மணி நேரம் இருந்தது. அந்த இரண்டு மணி நேரம் எப்படிப் போயிற்று என்பது எனக்கு வெடிப்பைவிடப் பயங்கரமாகப் படுகிறது. கப்பலுக்குக் கேப்டன் பொறுப்பு. தீக்கு நகரத் தீயணைப்புப் படையின் தலைவர் பொறுப்பு. துறைக்குத் துறைமுகத்தின் மேலாளர். வெடிபொருளுக்கு ராணுவத்தின் வெடிமருந்து அதிகாரி. நாலு பேரும் அங்கே இருந்தார்கள். கப்பலை மூழ்கடித்துவிட வேண்டும் என்றார் வெடிமருந்து அதிகாரி. துறையில் ஆழம் போதாது, முழுக மூழ்காது என்பது பதில். துறைக்கு வெளியே இழுத்துப் போய்விடலாம் என்றும் ஒரு யோசனை. எதற்கும் உத்தரவு பிறக்கவில்லை, ஏனென்றால் நாலு பேரில் எவர் மற்ற மூவருக்கும் மேலே என்பது யாருக்கும் தெரியவில்லை. ஒரு காகிதம் நாலு மேஜையைச் சுற்றி, நாலு கையெழுத்தும் வாங்கி, ஒன்றும் ஆகாமல் புறப்பட்ட மேஜைக்கே திரும்பி வருவதை நான் தினம் பார்க்கிறேன். என்னுடைய காகிதத்துக்கு அடியில் 1,395 டன் இல்லை, அவ்வளவுதான்.

முடிவுதான் எடுக்கப்படவில்லையே ஒழிய வேலை நடந்தது. 900 டன்னுக்கு மேல் தண்ணீரை அறைக்குள் பாய்ச்சினார்கள். புகை மண்டிக் கிடந்ததால் தீ எந்த இடத்தில் என்று கண்டுபிடிக்க முடியவில்லை. பஞ்சு கீழே, வெடிபொருள் மேலே என்று அடுக்கியிருந்தார்கள். தண்ணீர் ஏற ஏற எரியும் பஞ்சு மிதந்து மேலே போயிற்று. அணைக்கப் போனவர்களின் உழைப்பே தீயை வெடிமருந்துக்குப் பக்கத்தில் தூக்கிக் கொடுத்தது. பக்கவாட்டுத் தகட்டில் வண்ணப்பூச்சு கொப்புளித்தது. கப்பலைச் சுற்றித் தண்ணீர் கொதித்தது. 3.50க்கு இறங்கி ஓடும்படி உத்தரவு. பதினாறு நிமிஷம் கழித்து முதல் வெடிப்பு. கேப்டன் நெய்ஸ்மித் அதில் செத்துப் போனார். பிற்பாடு விசாரணைக் கமிஷன், தீ பெரும்பாலும் பஞ்சில்தான் பிறந்திருக்க வேண்டும் என்றது. சரக்கை அடுக்கிய விதம், சிவப்புக் கொடி, இறக்குவதில் தாமதம், நீராவியைச் செலுத்தித் தீயை அமுக்காதது, நகரத் தீயணைப்புப் படைக்குச் சொல்வதில் தாமதம் என்று குறைகளையும் எழுதி வைத்தது.

12 கிலோமீட்டர் தூரம் வரை ஜன்னல் கண்ணாடிகள் நொறுங்கின. 80 கிலோமீட்டருக்கு அப்பாலும் சத்தம் கேட்டது. ஸிந்தியா கம்பெனியின் 'ஜலபத்மா' என்ற கப்பலைப் பின்புறமாகத் தூக்கிக் கரையில் எறிந்திருந்தது. விக்டோரியா துறையிலும் பக்கத்து பிரின்ஸஸ் துறையிலுமாக 27 கப்பல்கள் மூழ்கின அல்லது சேதமாயின. எரியும் பஞ்சுப் பொதிகள் வானத்திலிருந்து நகரத்தின் மேல் விழுந்தன. துறைமுகத்தை ஒட்டிய குடிசைகளிலும் கிடங்குகளிலும் பற்றிக்கொண்டது. முதல் வெடிப்பின் காயக்காரர்களைத் தூக்க ஓடி வந்தவர்கள் மேல் இரண்டாவது வெடிப்பு. மூன்று நாள் எரிந்தது. 50,000 டன்னுக்கு மேல் உணவு தானியம் பாழாயிற்று என்கிறார்கள். லட்சக்கணக்கில் ஜனங்களைத் தின்ற வங்காளப் பஞ்சம் 1943இல். அதற்கு மறு வருஷம் ஏப்ரலில் இந்த அரிசி எரிந்தது. கறுப்புச் சந்தையில் எஞ்சியதன் விலை ஏறியது.

ஜப்பான்காரன் குண்டு போடுகிறான் என்றுதான் நகரத்தில் பலரும் நினைத்தார்கள். இம்பாலிலும் கோஹிமாவிலும் அப்போது சண்டை. நினைத்ததில் தப்பு இல்லை. அது எதிரி இல்லை, நம் தரப்புக் கப்பல்தான் என்று சொல்ல வேண்டிய அரசாங்கமோ வாயை மூடிக்கொண்டது. ஜப்பானியர் பிடியில் இருந்த ஸைகோன் வானொலி மறுநாளே, ஏப்ரல் 15இல், செய்தியை விவரமாக ஒலிபரப்பிவிட்டது. பம்பாயிலிருந்து செய்தி அனுப்ப நிருபர்களுக்கு அனுமதி கிடைத்தது மே இரண்டாவது வாரத்தில். மே 6ஆம் தேதி காந்தி விடுதலை ஆனதை உலகம் தெரிந்துகொண்ட பிறகுதான் ஏப்ரல் 14 வெளியே வந்தது. 'டைம்' பத்திரிகையில் மே 22. சுதீஷ் கட்டக் என்ற ஒளிப்பதிவாளர், ரித்விக் கட்டக்கின் தமையன், எடுத்த படச்சுருளை ராணுவம் பறிமுதல் செய்தது. சில பகுதிகள் பிற்பாடு செய்திப் படமாகக் காட்டப்பட்டன. கண்ணாடி நொறுங்கி உடம்பில் குத்திய மனிதனுக்கு நடந்தது என்ன என்று அவனைச் சுற்றி இருந்தவர்கள் சொல்லவில்லை, ஸைகோன் சொல்லிற்று. தணிக்கையைப் பற்றி நம் பத்திரிகைகளில் நிறையப் பேசியிருக்கிறோம். எதை எழுதக்கூடாது என்று அது தடுக்கிறது என்பதே பேச்சு. ஆனால் அந்த நாலு வாரங்களில்தான் பிணங்கள் இருந்தன, அடையாளம் சொல்லக்கூடிய உறவினர்கள் துறைமுக வாசலில் நின்றிருந்தார்கள், யார் எங்கே வேலைக்குப் போனான் என்பது பக்கத்துக் குடிசைக்காரனுக்கு ஞாபகம் இருந்தது. எழுதியிருக்கக்கூடிய கை இருந்தும் எழுத முடியாமல் போன காலம் அது. பிறகு எழுத அனுமதித்தபோது எழுத என்ன இருந்தது என்பதே கேள்வி.

இப்போது கணக்குக்கு வருகிறேன். அதிகாரபூர்வமான எண்ணிக்கை ஒன்று செத்தவர்கள் 740 என்கிறது. அதில் ராணுவத்தினர் 476. காயம் பட்டவர்கள் ஏறக்குறைய 1,800. இன்னொரு எண்ணிக்கை வேறு விதமாகப் பிரிக்கிறது. துறைமுகத்தோடு சம்பந்தப்பட்ட பலவகைப் பணிகளில் இருந்தவர்கள் 231 பேர், அவர்களில் தீயணைப்பு வீரர்கள் 66. பொதுமக்கள் ஐந்நூறுக்கு மேல். காயம் 2,500க்கு மேல். மொத்தம் எண்ணூறு என்பாரும் 1,300 என்பாரும் உண்டு.

பொழுது சாயும்போது வரவும் செலவும் ஐந்து ரூபாய் இடித்தாலும் வீட்டுக்குப் போக முடியாத தொழிலில் இருப்பவன் இதைப் பார்த்தால் என்ன செய்வான்? கழித்துப் பார்ப்பான். 740இல் 476 போனால் 264. அதில் துறைமுகப் பணியாளர் 231 போனால் பொதுமக்களுக்கு மிஞ்சுவது 33. அந்த 33 எப்படி 'ஐந்நூறுக்கு மேல்' ஆகும்? திருப்பிக் கூட்டுவான். 476, 231, 500: ஆக 1,207. 1,300 என்று சொல்பவர்கள் இப்படிக் கூட்டித்தான் சொல்லியிருப்பார்களோ என்று ஓர் ஊகம். ஒருவரையே இரண்டு தலைப்பில் எழுதியிருக்கலாம். ஒரு தலைப்பு அப்புறம் சேர்க்கப்பட்டிருக்கலாம். எந்த வழியில் போனாலும் இரண்டு ஏடுகளும் ஒன்றோடொன்று பொருந்தவில்லை. பொருந்தாத இடம் எது என்பதைக் கவனிக்க வேண்டும். ராணுவத்தினர் 476, ஒன்று கூட, ஒன்று குறைய இல்லை. தீயணைப்பு வீரர்கள் 66. பொதுமக்களிடம் வரும்போதுதான் எண் கலைந்து 'மேல்' என்ற வார்த்தையாகிவிடுகிறது.

இதற்குக் காரணம் வெள்ளைக்காரனின் கெட்ட மனசு என்று முடித்துவிடுவது சுலபம். கெட்ட மனசு இருந்ததா என்பது வேறு விஷயம். எண் எங்கிருந்து வருகிறது என்று பார்த்தால் போதும். சிப்பாய்க்குப் படையில் ஒரு பட்டியல் உண்டு. மாலையில் பெயர் கூப்பிட்டு, பதில் வராதவனைக் குறித்துக்கொள்வார்கள். தீயணைப்பு வீரனுக்கு வருகைப் பதிவேடு. மாலுமிக்குக் கப்பலில் கையெழுத்து. தங்கத்துக்குப் பெட்டி எண், கட்டி எண், அனுப்பியவர் ரசீது. யாருக்காவது பதில் சொல்ல வேண்டிய பொறுப்பு எங்கே இருக்கிறதோ அங்கே ஏடு இருக்கிறது. ஏடு இருக்கிற இடத்தில் சாவு எண்ணாகிறது.

பம்பாய்த் துறைமுகத்தில் மூட்டை தூக்கியவனுக்கு அப்போது ஏடு இல்லை. டோலிவாலாக்கள் என்று அழைக்கப்பட்ட குழுத்தலைவர்கள் வாசலில் ஆள் பிடித்தார்கள். கப்பல் வந்தால் வேலை, வராவிட்டால் இல்லை. இன்றைக்கு ஒரு கப்பல், நாளைக்கு இன்னொன்று. துறைமுகத் தொழிலாளியைப் பதிவு செய்து, அவன் இன்னான் என்று ஏற்றுக்கொள்ளச் சட்டம் வந்தது 1948இல். அதாவது வெடிப்புக்கு நாலு வருஷம் கழித்து. 14ஆம் தேதி காலையில் வாசலில் பிடிக்கப்பட்டு மாலையில் இல்லாமல் போனவனை எண்ண, கூலி கொடுக்க வேண்டிய மேஸ்திரியின் ஞாபகமும் ராத்திரி அவன் வராததைப் பார்த்த பெண்டாட்டியும்தான் இருந்தார்கள். மேஸ்திரியும் பக்கத்திலேயே நின்றிருந்திருந்தால்? குடிசையும் எரிந்திருந்தால்? ஊர் கொங்கணத்திலோ வடக்கே கங்கைக் கரையிலோ இருந்து, மாதா மாதம் மணியார்டர் வருவது மட்டும் நின்று போயிருந்தால்? இவர்களில் எத்தனை பேர் அந்த 231இல் வந்தார்கள், எத்தனை பேர் 'மேல்' என்பதற்குள் விழுந்தார்கள் என்பதை இனி எந்த விசாரணையும் பிரித்துச் சொல்லப் போவதில்லை.

எண்ண முடியாது என்பது இயற்கை நியதி அல்ல என்பதற்கு ஓர் உதாரணம் உண்டு. 1917 டிசம்பர் 6ஆம் தேதி கனடாவின் கிழக்குக் கரையில் ஹாலிஃபாக்ஸ் துறைமுகத்தில் 'மோன் பிளாங்' என்ற பிரெஞ்சுக் கப்பல் 'இமோ' என்ற கப்பலோடு மோதித் தீப்பிடித்து வெடித்தது. அதுவும் யுத்தகாலம், அதுவும் வெடிமருந்து, அதிலும் சிவப்புக் கொடி இல்லை. இருபத்தேழு வருஷத்துக்குப் பிறகு பம்பாய் அந்தப் பாடத்தை முதலிலிருந்து படித்தது. ஹாலிஃபாக்ஸில் வடக்குப் பகுதி முழுதும் தரைமட்டம். பம்பாயைவிடப் பெரிய வெடிப்பு, பம்பாயைவிட மிகச் சின்ன ஊர். ஆனால் அந்த ஊருக்கு ஒரு பழக்கம் இருந்தது. 1912இல் டைட்டானிக் மூழ்கியபோது கடலிலிருந்து எடுத்த சடலங்கள் அங்கேதான் கொண்டுவரப்பட்டன. ஒவ்வொரு சடலத்துக்கும் ஓர் எண், அதன் சட்டைப்பையில் இருந்த பொருள்களைத் துணிப்பையில் போட்டு அதே எண், விவரங்களை எழுதிய தாள் ஒன்று, அதிலும் அதே எண் என்று ஒரு முறையை அப்போது ஏற்படுத்தினார்கள். ஐந்து வருஷம் கழித்து ஒரு பள்ளிக்கூடத்தின் கீழ்த்தளத்தில் அதே முறையைத் திரும்ப எடுத்தார்கள். சாவி, பென்சில், குழந்தையின் கையுறை என்று பைக்குள் போட்டு, பெயர் இல்லாதவர்களுக்குக் கூட எண் கொடுத்தார்கள். அந்த ஊரின் நினைவுப் புத்தகத்தில் 1,782 பெயர்கள் இருக்கின்றன.

ஹாலிஃபாக்ஸை உச்சியில் வைத்துக் கும்பிட வேண்டும் என்பதில்லை. கடற்காலின் மறுகரையில் மிக்மாக் ஆதிகுடிகளின் சிறு குடியிருப்பு ஒன்று வெடிப்பு கிளப்பிய அலையில் அழிந்தது. அங்கே செத்தவர்களின் கணக்கு இன்றும் சரியாக இல்லை. ஆஃப்ரிக்வில் என்ற கறுப்பர்கள் வாழ்ந்த பகுதிக்கு நிவாரணப் பணம் போய்ச் சேரவில்லை என்றே சொல்ல வேண்டும். அங்கேயும் ஏடு ஓரிடத்தில் முடிந்துவிட்டது. ஆனாலும் ஒரு கீழ்த்தளம், கொஞ்சம் துணிப்பை, பொறுமையாக எழுதுகிற நாலு பேர். பெரிய விஞ்ஞானம் ஒன்றும் தேவைப்படவில்லை. பம்பாய் இந்தியாவின் மிகப் பெரிய வணிக நகரம். பேரேடு எழுதுகிறவர்களுக்கு அங்கே பஞ்சமே கிடையாது.

அந்த ஊர் அப்போது மும்முரமாக எழுதிக்கொண்டிருந்தது வேறு பேரேட்டை. 6,000 நிறுவனங்கள் பாதிக்கப்பட்டன. சாதாரணத் தீக் காப்பீட்டில் யுத்தத்தால் வரும் நஷ்டம் சேராது. இது யுத்தமா விபத்தா என்ற கேள்வி கம்பெனிகளை ஆட்டி வைத்திருக்க வேண்டும். அரசாங்கம் பொறுப்பை ஏற்றுக்கொண்டு, அவசரச் சட்டம் கொண்டுவந்து, சொத்து நஷ்டத்துக்கு விண்ணப்பித்தவர்களுக்குப் பணம் கொடுத்தது. காலனி அரசாங்கத்திடம் எதிர்பார்க்க முடியாத நேர்மை என்று இதைச் சொல்பவர்கள் உண்டு. எனக்கும் அதை மறுக்க மனமில்லை. ஆனால் விண்ணப்பம் என்பது ஒரு காகிதம். அதோடு இன்னும் நாலு காகிதம் இணைக்க வேண்டும். கிடங்கு வைத்திருந்தவனிடம் சரக்குப் புத்தகம் இருந்தது, அல்லது அதன் நகல் வேறொரு கிளையில் இருந்தது. தகரமும் சாக்கும் சேர்த்துக் கட்டிய குடிசைக்குள் ஒரு டிரங்குப் பெட்டியும் இரண்டு பித்தளைப் பாத்திரமும் எரிந்தன என்பதற்கு என்ன ரசீது? வேலை போனவர்கள் 50,000 பேர் என்கிறார்கள். துறைமுகம் ஏழு மாதத்தில் மறுபடி இயங்கியது. 8,000 பேர் ஐந்து லட்சம் டன் இடிபாட்டை அள்ளினார்கள். அந்த எட்டாயிரத்தில் ஒருவன், ஏப்ரலில் தன் அண்ணனைப் பறிகொடுத்த இடத்திலேயே நவம்பர் வரை கூடை சுமந்திருப்பான் என்று நினைத்துப் பார்ப்பதை என்னால் தவிர்க்க முடியவில்லை. இதற்கு ஆதாரம் கேட்காதீர்கள். ஆதாரம் ஏன் இல்லை என்பதைத்தான் இவ்வளவு நேரம் சொல்லிக்கொண்டிருந்தேன்.

அரசாங்கத்தை மட்டும் குற்றம் சொல்லிப் பயனில்லை. பம்பாய்வாசிகள் இந்தக் கதையைச் சொல்லும்போது முதலில் சொல்வது தங்கத்தைத்தான். வானத்திலிருந்து தங்கம் விழுந்ததாம். துறைமுகத்துக்கு வெகு தூரத்தில் ஒரு பார்ஸிக் குடும்பத்தின் வீட்டுக்குள் கட்டி ஒன்று கூரையைத் துளைத்துக்கொண்டு வந்து விழுந்ததும், அவர்கள் அதை யோக்கியமாகத் திருப்பிக் கொடுத்ததும் அச்சில் வந்த செய்திதான். நல்ல கதை, யாருக்கும் சொல்லத் தோன்றும். ஆனால் அதே வானத்திலிருந்து அன்றைக்கு வேறு என்னென்னவோ விழுந்தன. அவற்றை யாரும் திரும்பத் திரும்பச் சொல்வதில்லை. அரசாங்கத்தின் ஏடும் ஜனங்களின் ஞாபகமும் ஒரே இடத்தில், கட்டியைச் சுற்றி, வந்து சேர்வது எனக்கு ஆச்சரியமாக இருக்கிறது. ஜனங்களின் நினைவு அதிகாரத்தின் நினைவுக்கு எப்போதும் எதிரானது என்று எழுதுகிறவர்கள் இதைக் கொஞ்சம் யோசிக்கலாம்.

நம் பாஷைக்கு வருவோம். 1914 செப்டம்பரில் எம்டன் என்ற ஜெர்மன் கப்பல் சென்னைமேல் அரை மணி நேரம்கூடச் சுடவில்லை. எண்ணெய்த் தொட்டிகள் எரிந்தன. செத்தவர்கள் விரல்விட்டு எண்ணக்கூடியவர்கள். அதன் பெயர் தமிழில் ஒரு சொல்லாகவே ஆகிவிட்டது. கெட்டிக்காரனை, ஏமாற்றுக்காரனை எம்டன் என்கிறோம். நூற்றுக்கணக்கானவர்களைக் கொன்ற பம்பாய் வெடிப்பு ஒரு சொல்லைக்கூட விட்டுவிட்டுப் போகவில்லை. பம்பாய் தூரம் என்பது சமாதானம் ஆகாது. தாராவியில் அன்றைக்கே திருநெல்வேலிக்காரர்கள் இருந்தார்கள். எதிரிக்கு ஒரு பெயர் இருக்கிறது, வில்லன் வேஷம் இருக்கிறது. கதை தானாகவே நிற்கும். நம் பக்கத்துக் கப்பலில் நம் பக்கத்து ஆள்களின் கவனக்குறைவால் நேர்ந்ததற்கு வில்லன் இல்லை. சுட்டு விரலை எங்கே நீட்டுவது என்று தெரியாத சம்பவத்தைப் பாஷை கைகழுவிவிடுகிறது. நம் புதுக்கவிதையில் மரணம் நிறைய வருகிறது. பெரும்பாலும் அது ஊர் பெயர் இல்லாத, தேதி இல்லாத மரணம். ஒரு தனி மனிதன் ஜன்னலருகே உட்கார்ந்து எதிர்பார்ப்பது. இன்ன தேதி, இன்ன துறை, பகல் சாப்பாட்டுக்குப் பிறகு வேலைக்குத் திரும்பியவன் என்ற மரணத்தை எழுத நமக்குச் சாத்தியமான ஒரு மொழி இருக்கிறதா என்று நண்பர்களைக் கேட்கிறேன். இல்லை என்பது என் அபிப்பிராயம். இருக்கிறது என்பவர்கள் எழுதிக் காட்டட்டும், நானே முதலில் படிக்கிறேன்.

ஒரே ஓர் இடத்தில் அந்தத் தேதி தமிழ்நாட்டுக்கு வந்து சேர்ந்திருக்கிறது. ஏப்ரல் 14 முதல் ஒரு வாரம் நம் ஊர்த் தீயணைப்பு நிலையங்களில் தீத்தொண்டு வாரம் என்று கடைப்பிடிக்கிறார்கள். முதல் நாள் மலர்வளையம் வைக்கிறார்கள். பிறகு பள்ளிக்கூடங்களில் எண்ணெய்த் தீயைச் சாக்கை நனைத்து அணைப்பது எப்படி என்று செய்து காட்டுகிறார்கள். இது அந்த 66 பேருக்காக நாடு முழுவதும் நடக்கிறது. பைகுல்லாவில் அவர்களுடைய தலைமை நிலையத்தில் நினைவுச் சின்னமும் உண்டு. சங்கு ஊதி, தொப்பியைக் கழற்றி நிற்கும் நிலைய அலுவலரிடம் பம்பாய் என்றால் அவருக்குத் தெரியும். வருகைப் பதிவேடு இருந்தவர்கள் நினைக்கப்படுகிறார்கள். அவர்களுக்கு அது தகும். ஓடி ஒளிய இரண்டு மணி நேரம் இருந்தும் குழாயைப் பிடித்தபடி நின்றவர்கள் அவர்கள்.

124 கட்டிகளில் கிட்டத்தட்ட எல்லாமே கிடைத்துவிட்டன. துறையில் தூர் வாரும்போது ஒன்றும் இரண்டுமாக அகப்பட்டுக்கொண்டே இருந்தன. 2011 பிப்ரவரியில்கூடக் கிடைத்தது. கிடைத்தவற்றைப் பிரிட்டிஷ் அரசாங்கத்துக்குத் திருப்பித் தந்தார்கள். அதே வருஷம் அக்டோபரில் வெடிக்காத குண்டு ஒன்று, 45 கிலோ, சேற்றிலிருந்து எடுக்கப்பட்டது. விக்டோரியா துறையையும் பிரின்ஸஸ் துறையையும் மண் கொட்டி நிரப்பிவிட்டார்கள், கன்டெய்னர் அடுக்குவதற்காக.